ரஷ்யப் பெண்கள் வாலிபால் அணியில் லிபரோ என்ன செய்தார்?

கேள்வி இது: "ரஷ்யப் பெண்கள் அணி என்றால் எகதெரினா கமோவா, லியுபோவ் சொகோலோவா என்று அடிப்பவர்களின் பெயர்தான் வருகிறது. அதே அணியில் வேறு நிற ஜெர்சி போட்டுக்கொண்டு பின்னால் ஆடிய லிபரோக்களைப் பற்றி எதுவுமே கிடைப்பதில்லை. அவர்களுடைய ஆட்ட வாழ்க்கை எப்படி இருந்தது? தடுப்பாட்டம்தான் ரஷ்யாவின் பலவீனம் என்கிறார்களே, உண்மையா?"

கடைசியாகக் கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். பாதி உண்மை. ஜப்பான் போலவோ பிரேசில் போலவோ பந்தைப் பதமாக எடுத்து செட்டர் (அடிப்பவருக்குப் பந்தைத் தூக்கிக் கொடுப்பவர்) கையில் வைக்கும் அணியாக ரஷ்யா எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. ஆனால் அப்படி வைக்கவேண்டிய தேவையும் அந்த அணிக்குக் குறைவு. ரஷ்ய லிபரோவிடம் கேட்கப்பட்ட வேலையே வேறு. அதை விட்டுவிட்டு ஜப்பான் லிபரோவுக்கான அளவுகோலை எடுத்து இவர்களை அளந்தால் எல்லாருமே சுமார் ஆட்டக்காரர்களாகத்தான் தெரிவார்கள்.

விதி தெரியாதவர்களுக்காக இரண்டு வரி. லிபரோ பின்வரிசையில் மட்டும் ஆடுபவர். நெட்டுக்கு மேலே இருக்கும் பந்தை அடிக்கக்கூடாது, பிளாக்குக்கு, அதாவது நெட் ஓரம் கையை உயர்த்தி எதிரணி அடியைத் தடுக்க, குதிக்கக்கூடாது, சர்வ் போடக்கூடாது (அமெரிக்கப் பள்ளி, கல்லூரி ஆட்டங்களில் போடலாம்). மூன்று மீட்டர் கோட்டுக்கு முன்னால் நின்று விரல்களால் செட் செய்தால், அந்தப் பந்தை நெட்டுக்கு மேலே வைத்து யாரும் அடிக்க முடியாது. இத்தனை தடைக்கும் ஈடாக ஒரே ஒரு சலுகை: இவர் உள்ளே வருவதும் வெளியே போவதும் மாற்று ஆட்டக்காரர் கணக்கில் சேராது. அதனால் உயரமான மிடில் பிளாக்கர்கள் பின்வரிசைக்கு வரும்போதெல்லாம் அவர்களுக்குப் பதிலாக லிபரோ நிற்பார். சர்வதேச ஆட்டத்துக்கு இந்த விதி 1998இல் வந்தது. ஒலிம்பிக்கில் முதன்முதலாக லிபரோ ஆடியது 2000 சிட்னியில். அணித் தலைவராக லிபரோ இருக்கலாம் என்ற அனுமதி கிடைக்கவே இன்னும் இருபது ஆண்டுக்கு மேல் ஆனது.

இந்த விதியால் அதிகம் லாபம் அடைந்த அணி எது என்று கேட்டால் ரஷ்யா என்றுதான் சொல்வேன். கமோவா 202 சென்டிமீட்டர். யூலியா மெர்குலோவாவும் 202. எலேனா கொதினா 196. இப்படிப்பட்ட உயரத்தை நெட் ஓரம் வைத்திருப்பது வரம். அதே உயரம் சுழன்று பின்வரிசைக்கு வந்து, சுழலாமல் மிதந்து வந்து காலடிக்குச் சாயும் ஃப்ளோட் சர்வை எடுக்கவேண்டும் என்னும்போது வரம் சாபமாகிவிடும். 1998க்கு முன்பு பயிற்சியாளருக்கு இருந்த வழி, ஒரு செட்டுக்கு ஆறு மாற்று என்ற கணக்குக்குள் தடுப்பாட்டம் தெரிந்த ஒருவரை நான்கைந்து பாயிண்டுக்கு இறக்கி வெளியே எடுப்பது. அப்படி இறங்கியவர்களுக்கு என்று தனியாக ஒரு ஆட்ட வாழ்க்கை இருந்ததில்லை. அவர்கள் பெஞ்சுக்காரர்கள், அவ்வளவுதான்.

ரஷ்யாவின் லிபரோ எலேனா தியூரினா பிறந்தது 1971இல். லிபரோ விதி வரும்போது அவருக்கு 27 வயது. அதாவது வேறு இடத்தில் ஆடி வளர்ந்து, தனக்கான இடம் பிறகு உருவாவதைப் பார்த்த தலைமுறை. அவருடைய ஒலிம்பிக் பதக்கங்கள் இரண்டும் அதற்குப் பிறகு வந்தவை: 2000 சிட்னி வெள்ளி, 2004 ஏதென்ஸ் வெள்ளி. ஏதென்ஸில் லிபரோவாக நின்றபோது 33 வயது. பயிற்சியாளர் நிகொலாய் கார்போலின் அணி அது. டைம்-அவுட்டின்போது அவர் கத்துவதைத் தொலைக்காட்சியில் பார்த்தவர்களுக்கு அந்த அணியில் ஆடுவது எப்படி இருந்திருக்கும் என்று விளக்கவேண்டியதில்லை.

அந்த இரண்டு வெள்ளியும் வந்த விதம் கொடுமையானது. சிட்னி இறுதி ஆட்டத்தில் கியூபாவுக்கு எதிராக ரஷ்யா 27-25, 34-32 என்று முதல் இரண்டு செட்டை எடுத்தது. அடுத்த மூன்றும் போயின, கடைசி செட் 7-15. ஏதென்ஸில் சீனாவுக்கு எதிராகவும் அதே கதை: 30-28, 27-25 என்று முன்னால் போய், பிறகு 20-25, 23-25, 12-15. இரண்டு ஒலிம்பிக் இறுதிகளில் இரண்டு செட் முன்னிலையில் இருந்து தோற்ற அணியில் இரண்டு முறையும் இருந்தவர் என்ற கணக்கில்தான் தியூரினாவின் பெயர் வருகிறது. அவரை நினைக்க வேண்டிய ஆட்டம் வேறு என்பது என் கட்சி. ஏதென்ஸ் அரையிறுதி.

பிரேசில் இரண்டுக்கு ஒன்று என்று செட் கணக்கில் முன்னால். நான்காவது செட்டில் 24-19. இன்னும் ஒரு பாயிண்ட், ஆட்டம் முடிந்தது. ரஷ்யா அந்த செட்டை 28-26 என்று எடுத்து, ஐந்தாவதை 16-14 என்று முடித்து இறுதிக்குப் போனது. வாலிபால் பார்ப்பவர்கள் எல்லாருக்கும் தெரிந்த ஆட்டம் இது. பிரேசிலில் இன்றும் யாரும் மறக்கவில்லை. ஆனால் அந்த 24-19ஐக் கொஞ்சம் பிரித்துப் பாருங்கள். 24ஆவது பாயிண்டை எடுத்தது பிரேசில், எனவே சர்வ் பிரேசிலிடம். ரஷ்யா அந்த சர்வை எடுத்து அடித்தால் 20. அதற்குப் பிறகு 21, 22, 23, 24 ஆகிய நான்கு பாயிண்டையும் தன் சர்வில் தொடர்ந்து எடுத்தாக வேண்டும். வேறு வழியே கிடையாது, ஒன்று தவறினாலும் வீட்டுக்குப் போகவேண்டியதுதான். தன் சர்வில் எடுக்கும் பாயிண்டில் முதல் தாக்குதல் எப்போதும் எதிரணியுடையது. அதை பிளாக் நிறுத்தவேண்டும், அல்லது எதிரணி தவறவேண்டும், அல்லது பின்வரிசையில் ஒருவர் பந்தைத் தரையில் விழாமல் எழுப்பி, அடிப்பவருக்கு இன்னொரு வாய்ப்புத் தரவேண்டும். எதிரணி தவறுவது என்பதும் சும்மா வருவதில்லை. அடித்த பந்து திரும்பத் திரும்ப எழும்பி வந்துகொண்டே இருந்தால் அடிப்பவர் கோட்டை நோக்கிக் கூடுதலாகக் குறிவைக்கத் தொடங்குவார். ஸ்கோர் தாளில் இது "பிரேசிலின் தவறு" என்று மட்டும் பதிவாகும். அந்த செட்டில் நெட்டுக்கு முன்னால் நடந்ததைப் பற்றி எத்தனையோ பேர் எழுதிவிட்டார்கள். பின்னால் நின்றிருந்த 33 வயதுக்காரரைப் பற்றி நான் படித்தது மிகக் குறைவு.

இப்போது அந்த வேறு வேலை என்ன என்பதற்கு வருகிறேன். இதுதான் உங்கள் கேள்வியின் மையம்.

வேகமான ஆட்டம் ஆடும் அணிக்கு முதல் பாஸ் (எதிரணி சர்வை எடுத்து அனுப்பும் பந்து) நெட்டிலிருந்து ஒரு மீட்டருக்குள் செட்டரிடம் போய்ச் சேரவேண்டும். இல்லையென்றால் நடுவில் குதிக்கும் மிடில் ஆட்டக்காரருக்குப் பந்து கொடுக்க முடியாது, பிளாக் முழுவதும் ஓரத்துக்கு ஓடிவிடும். தைவான், தாய்லாந்து, ஜப்பான் மாதிரி அணிகளுக்கு பாஸ் இல்லை என்றால் ஆட்டமே இல்லை. அதனால்தான் 159 சென்டிமீட்டர் உயர லிபரோ யூகோ சானோ ஜப்பானில் அவ்வளவு பெரிய பெயர்.

ரஷ்யா ஆடியது உயரப் பந்து ஆட்டம். பாஸ் எங்கோ போனாலும் செட்டர் ஓடிப்போய் அதை ஓரத்துக்கு உயரமாகத் தூக்கிவிடுவார். கமோவா மூன்று பேர் கைகளுக்கு மேலாக அடிப்பார். ஏதென்ஸ் இறுதியில் கமோவா 33 பாயிண்ட் எடுத்தார், 2010 உலக சாம்பியன்ஷிப் இறுதியில் 35. பாஸ் கச்சிதமாக இருந்து வந்த எண்கள் இல்லை இவை. பாஸ் சிதறியும் பந்து உயிரோடு இருந்ததால் வந்தவை.

ஆகவே ரஷ்ய லிபரோவுக்கான கட்டளை ஏறக்குறைய இப்படி அமையும்: நேரடியாக ஏஸ் (யாரும் எடுக்க முடியாமல் பாயிண்டாகும் சர்வ்) வாங்காதே, பந்து மூன்று மீட்டர் கோட்டுக்குப் பக்கத்தில், உயரமாக, யாராவது அடியில் போய் நிற்க நேரம் இருக்கும்படி எழட்டும், மீதியை முன்னால் இருப்பவர்கள் பார்த்துக்கொள்வார்கள். உயரமாக எழுப்புவதில் ஒரு கலை இருக்கிறது. கடுமையான ஸ்மாஷை முன்கையில் வாங்கும்போது கையைக் கொஞ்சம் பின்வாங்கி அதன் வேகத்தைக் குடித்துவிடவேண்டும். சரியாகச் செய்தால் பந்து சுழற்சி இல்லாமல் கோர்ட்டின் நடுவே எழும். புள்ளிவிவரத் தாளில் இதற்கு உயர்ந்த மதிப்பெண் கிடையாது. "சிறப்பு" என்ற பத்தியில் விழாமல் அதற்குக் கீழ்ப் பத்தியில் விழும். இந்தக் காரணத்தால் சிறந்த லிபரோ பட்டியல்களில் ரஷ்யர்கள் அடிக்கடி காணாமல் போகிறார்கள். அணியோ உலகப் பட்டம் வாங்கிக்கொண்டு வருகிறது!

இன்னொன்று, எடுக்கவேண்டிய பரப்பு. சாதாரணமாக மூன்று பேர் சேர்ந்து சர்வை எடுப்பார்கள்: லிபரோ, ஓரத்தில் ஆடும் இரண்டு அட்டாக்கர்கள். ரஷ்யாவில் அந்த இரண்டு அட்டாக்கர்களில் ஒருவரையாவது மறைத்துவைக்கவேண்டி இருக்கும். எதிரணி சர்வ் போடுபவருக்கும் இது தெரியும், அவரைத் தேடித்தான் போடுவார். எனவே லிபரோ தன் இடத்திலிருந்து நகர்ந்து பக்கத்துக்காரரின் பாதி இடத்தையும் எடுத்துக்கொள்வார். சொகோலோவா இருந்த காலத்தில் இந்தச் சுமை பாதியானது. 192 சென்டிமீட்டர் உயரத்தோடு லிபரோவுக்கு இணையாக சர்வ் எடுத்தவர் அவர். ரஷ்யாவின் சிறந்த லிபரோ சொகோலோவாதான் என்று யாராவது வேடிக்கையாகச் சொன்னால் நான் வாதாட மாட்டேன்.

தடுப்பாட்டத்திலும் இதே மாதிரி ஒரு வித்தியாசம். முன்னால் 202 சென்டிமீட்டர் பிளாக் எழும்போது எதிரணி நேரே அடிக்கத் தயங்கும். கைகளின் ஓரத்தில் பட்டு வெளியே போகும்படி அடிக்கும், அல்லது மேலாகச் சின்னதாகத் தட்டிவிடும். ஆக, ரஷ்ய லிபரோ பறக்கும் ஸ்மாஷை எடுப்பதைவிட, பிளாக்கில் பட்டுத் திசைமாறிய பந்தையும் தட்டிவிட்ட பந்தையும் துரத்துவதே அதிகம். பார்க்க அழகாக இருக்காது. தரையோடு தரையாக விழுந்து, கையை விரித்து, பந்து புறங்கையில் பட்டு எழ, அவர் எழுந்திருக்கும் முன்பே ராலி அடுத்த பக்கம் போய்விட்டிருக்கும்.

சரி, தியூரினாவுக்குப் பின்பு. கார்போல் போனபின் இத்தாலியரான ஜொவான்னி கப்ராரா வந்தார், 2006இல் ஒசாகாவில் பிரேசிலை ஐந்து செட்டில், கடைசியில் 15-13 என்று வென்று உலகப் பட்டம். நான்கு ஆண்டு கழித்து விளாதிமிர் குசியூத்கின் பயிற்சியில், டோக்கியோவில், மறுபடியும் பிரேசில், மறுபடியும் ஐந்து செட், 15-11. அந்த 2010 உலக சாம்பியன்ஷிப்பில் ரஷ்யா ஒரு ஆட்டத்தில்கூடத் தோற்கவில்லை. அந்த அணியின் லிபரோ ஸ்வெத்லானா கிரியூச்கோவா, 1985இல் பிறந்தவர், அப்போது 25 வயது. தியூரினாவோடு ஒப்பிட்டால் வேறு தலைமுறை. தேசிய அணிக்குள் வரும்போதே லிபரோ என்ற இடம் நிலைபெற்றிருந்தது. இடையில் விதியும் தளர்ந்து, ஒரு அணி இரண்டு லிபரோக்களை வைத்துக்கொள்ளலாம் என்றாகியிருந்தது.

கிரியூச்கோவாவின் பெயர் அதிகம் அடிபட்டிருக்கவேண்டியது 2012 லண்டனில். காலிறுதி. எதிரே, வேறு யார், பிரேசில். ஐந்தாவது செட் 21-19 வரை போனது. ரஷ்யாவுக்கு ஆறு மேட்ச் பாயிண்ட் கிடைத்தன, ஆறும் வீணாயின. பிரேசில் அங்கிருந்து தங்கம் வரை போனது. ஏதென்ஸ் அரையிறுதியின் கணக்கைத் தீர்த்த ஆட்டம் என்று பிரேசில்காரர்கள் சொல்வது நியாயம்தான். பிரேசிலின் லிபரோ ஃபாபி அன்று பின்வரிசையில் இருந்தார். 2008, 2012 இரண்டு ஒலிம்பிக் தங்கம், 38 வயது வரை ஆட்டம், ஓய்வு பெற்றபோது நாடே அறிந்த முகம். எதிர்ப்பக்கம் அதே வேலையைச் செய்த கிரியூச்கோவாவை ரஷ்யாவுக்கு வெளியே எத்தனை பேருக்குத் தெரியும்? இரண்டு பேருக்கும் இடையே திறமையில் வேறுபாடு இருந்தது, அதை மறுக்கவில்லை. ஃபாபி மேல். ஆனால் புகழில் இருந்த வேறுபாடு அதைவிடப் பல மடங்கு. பிரேசிலின் ஆட்டமுறை லிபரோவைக் கண்ணுக்குத் தெரியவைத்தது, ரஷ்யாவின் ஆட்டமுறை மறைத்தது.

லண்டன் அணியில் இரண்டாவது லிபரோவாகப் போனவர் எகதெரினா உலானோவா. தேசிய அணியில் அவருக்குக் கிடைத்தது கொஞ்சம். கிளப் ஆட்டத்தில் பார்த்தால் படம் தலைகீழ். டினமோ கசான் அணியில் கமோவாவோடு பல ஆண்டுகள் ஆடினார். அந்த அணி 2011 முதல் 2015 வரை தொடர்ந்து ஐந்து முறை ரஷ்ய சாம்பியன். 2014இல் பாகுவில் ஐரோப்பிய சாம்பியன்ஸ் லீக், அதே ஆண்டு சூரிக்கில் கிளப் உலக சாம்பியன்ஷிப். ஒரு ரஷ்ய லிபரோவின் ஆட்ட வாழ்க்கை உண்மையில் எங்கே நடக்கிறது என்பதற்கு இது நல்ல சாட்சி. தேசிய அணிக்கு ஆடுவது வருடத்தில் சில மாதம், மற்ற நேரமெல்லாம் ரஷ்யாவின் முதல்நிலை கிளப் போட்டியான சூப்பர் லீக்.

சூப்பர் லீக்கில் வெளிநாட்டு ஆட்டக்காரர்களின் எண்ணிக்கைக்கு வரம்பு உண்டு. அந்த இடங்களைக் கிளப்புகள் பெரும்பாலும் பாயிண்ட் எடுப்பவர்களுக்கே செலவிடுவார்கள். அதனால் லிபரோ இடம் உள்ளூர்ப் பெண்களுக்கே மிஞ்சும், வேலை உறுதி. மறுபக்கம், துருக்கி, இத்தாலி கிளப்புகள் ரஷ்யாவிலிருந்து விலை கொடுத்து வாங்குவது உயரத்தை, லிபரோவை இல்லை. கமோவாவும் சொகோலோவாவும் இஸ்தான்புல்லில் ஆடினார்கள். லிபரோக்கள் வீட்டிலேயே இருந்தார்கள். வெளியே தெரியாததற்கு இதுவும் ஒரு காரணம்.

அடுத்த பெயர் அன்னா மலோவா, 1990இல் பிறந்தவர். யூரி மாரிச்செவ் பயிற்சியாளராக இருந்து, ரஷ்யா 2013இல் பெர்லினிலும் 2015இல் ராட்டர்டாமிலும் ஐரோப்பியப் பட்டம் வென்ற காலத்தில் வளர்ந்தவர். 2016 ரியோவில் அவர்தான் லிபரோ. டோக்கியோ ஒலிம்பிக் அணிப் பட்டியலில் மலோவா என்று தேடினால் கிடைக்கமாட்டார், பொத்கோபயேவா என்று இருப்பார். திருமணத்துக்குப் பின் மாறிய பெயர். உங்களுக்கு எதுவும் கிடைக்கவில்லை என்றீர்களே, அதில் ஒரு பங்கு இந்தப் பெயர் மாற்றத்துக்கு உண்டு. சொகோலோவாவே பழைய ஆட்டங்களில் ஷாஷ்கோவா. அர்த்தமோனோவா பின்பு எஸ்தெஸ் ஆனார். அடிப்பவர்களுக்கு இது பெரிய நஷ்டமில்லை, யாராவது இரண்டு பெயரையும் சேர்த்து எழுதிவைத்திருப்பார்கள். லிபரோவின் ஆட்ட வாழ்க்கையோ இரண்டு பாதியாக உடைந்து கிடக்கும்.

ரியோவில் காலிறுதியில் செர்பியாவிடம் மூன்று நேர் செட்டில் தோல்வி, டோக்கியோவில் காலிறுதியில் பிரேசிலிடம் மூன்றுக்கு ஒன்று. இந்தக் கட்டத்தில் ரஷ்யாவின் பாஸ் பற்றிய விமர்சனம் எனக்கும் உடன்பாடு. ஆனால் அதற்குக் காரணம் லிபரோ அல்ல. கமோவா போய்விட்டார், உயரப் பந்து எதுவாக இருந்தாலும் முடித்துவைக்க ஒருவர் இருந்த காலம் போய், அட்டாக்கர்கள் கோஷெலெவாவும் கொன்சரோவாவும் சுமந்தார்கள். உலகம் முழுவதும் பிளாக்கும் உயர்ந்துவிட்டது. பழைய முறையில் போதுமாக இருந்த பாஸ் இப்போது போதவில்லை. அதாவது லிபரோவிடம் கேட்கப்படும் வேலை மாறியது, ஆனால் அவருக்குப் பக்கத்தில் சர்வ் எடுக்க நிற்பவர்கள் அதே வார்ப்பில்தான் வந்துகொண்டிருந்தார்கள். பெண்களை விளையாட்டுப் பள்ளிக்குத் தேர்ந்தெடுக்கும்போதே உயரம் பார்த்து எடுக்கும் நாட்டில் இது சீக்கிரம் மாறாது. அங்கே லிபரோவாக ஆகிறவர்களில் பலர் பதினைந்து பதினாறு வயதில் எதிர்பார்த்த அளவுக்கு வளராதவர்கள். அடிக்கக் கற்றுக்கொண்டு, பிறகு பின்னால் அனுப்பப்படுகிறவர்கள்.

2022 மார்ச் முதல் சர்வதேசப் போட்டிகளில் ரஷ்ய அணிகளுக்குத் தடை வந்தது. அந்த ஆண்டு பெண்கள் உலக சாம்பியன்ஷிப்பில் ரஷ்யாவின் இடம் குரோஷியாவுக்குப் போனது. அதற்குப் பின் வளர்ந்த ரஷ்ய லிபரோக்களை சூப்பர் லீக் பார்ப்பவர்களைத் தவிர வேறு யாரும் பார்க்க வாய்ப்பில்லாமல் போனது.

நீங்களே பார்த்து முடிவு செய்யவேண்டும் என்றால் ஏதென்ஸ் அரையிறுதி, 2010 டோக்கியோ இறுதி, லண்டன் காலிறுதி என்ற வரிசையில் பாருங்கள். மூன்றிலும் எதிரணி பிரேசில் என்பதால் ஒப்பிட வசதி. பந்தைத் தொடர வேண்டாம். ஒரு முழு செட்டுக்கு மாற்று நிற ஜெர்சியை மட்டும் பாருங்கள்: எதிரணி செட்டர் கையிலிருந்து பந்து கிளம்பும்போது அவர் எங்கே நிற்கிறார், அட்டாக்கர் அடிப்பதற்குள் எத்தனை அடி நகர்ந்திருக்கிறார், கமோவா அடிக்கக் குதிக்கும்போது அவருக்கு அடியில் பிளாக்கிலிருந்து திரும்பும் பந்துக்காகக் குனிந்து நிற்பவர் யார். முதல் இரண்டு ஆட்டத்துக்கும் மூன்றாவதுக்கும் இடையில் பின்வரிசையில் என்ன மாறியது என்று உங்களுக்குத் தோன்றுவதை எழுதுங்கள், அதைவைத்து மேலே பேசலாம்.